ஆயில் மாற்றிய பிறகும் மீட்டரில் ஸ்பேனர் எரிகிறதா?

பழைய ஆயிலை இறக்கி, ஃபில்டர் மாற்றி, புது ஆயில் ஊற்றி, கையைத் துடைத்துக்கொண்டு வந்து சாவியைத் திருப்பினால் மீட்டரில் அதே ஸ்பேனர் படம். வேலையில் தப்பு எதுவும் இல்லை. நீங்கள் ஆயில் மாற்றியது காருக்குத் தெரியாது, அவ்வளவுதான். பெரும்பாலான கார்களில் சர்வீஸ் நினைவூட்டல் என்பது ஒரு கிலோமீட்டர் கணக்கு, கூடவே ஒரு நாள் கணக்கு. நம்மூர் ஃபோக்ஸ்வாகன் போலோவில் 15,000 கி.மீ. அல்லது ஒரு வருடம், எது முந்துகிறதோ அது. சர்வீஸ் சென்டரில் பில் போடுவதற்கு முன் யாராவது அந்தக் கணக்கைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்துவிடுவார்கள், அதாவது ரீசெட் செய்துவிடுவார்கள். வீட்டு வாசலில் வேலை செய்தால் அதையும் நாம்தான் பார்க்க வேண்டும்.

கொஞ்சம் புத்திசாலியான கணக்கும் உண்டு. அமெரிக்காவில் ஓடும் ஹோண்டா கார்கள் இன்ஜின் எப்படி ஓடுகிறது என்பதை வைத்து ஆயிலின் ஆயுளைச் சதவீதமாகக் காட்டும். 15-க்கு வந்ததும் முதல் எச்சரிக்கை, 5-ல் அடுத்தது. அதுவும் கணக்குதான். ஆயிலைத் தொட்டுப் பார்த்துச் சொல்வதில்லை. கரி மாதிரி கறுத்த ஆயிலை உள்ளே வைத்துக்கொண்டு ரீசெட் செய்தாலும் 100 என்றே காட்டும். செகண்ட் ஹேண்ட் கார் பார்க்கப் போகும்போது இதை நினைவில் வையுங்கள்: மீட்டரில் எந்த லைட்டும் இல்லை என்பது சர்வீஸ் ஆனதற்குச் சாட்சி அல்ல. ஆயில் மட்டம் காட்டும் குச்சியை, அதாவது டிப்ஸ்டிக்கை, உருவிப் பாருங்கள்.

எந்த லைட் என்று முதலில் பாருங்கள்

ஸ்பேனர் படம், அல்லது சர்வீஸ் என்ற எழுத்து: இது நினைவூட்டல். இதை மட்டும்தான் ரீசெட் செய்யலாம்.

சிவப்பில் எண்ணெய்க் கிண்டி மாதிரி ஒரு படம் எரிந்தால் அது வேறு கதை. இன்ஜினுக்குள் ஆயில் பிரஷர் இல்லை என்று அர்த்தம். ஓரங்கட்டி உடனே இன்ஜினை நிறுத்த வேண்டும். ஆயில் மாற்றிய கையோடு இது எரிந்தால் ஃபில்டர் சரியாக உட்காரவில்லை, அல்லது ஆயில் ஊற்றவே மறந்திருக்கிறது என்று எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டாவதைக் கேட்டுச் சிரிக்க வேண்டாம், நடக்கிறது. ஃபில்டர் நிரம்பும்வரை முதல் ஸ்டார்ட்டில் சில விநாடி எரிந்து அணைவது சகஜம். அதற்கு மேல் எரியக் கூடாது.

மஞ்சளில் இன்ஜின் படம் எரிந்தால் அது பழுதுக் குறியீடு. பட்டனை அழுத்தி அதை ஏமாற்ற முடியாது. ஸ்கேனர் வைத்துப் படிக்க வேண்டும்.

ரீசெட்டுக்கு முன்னால்

வேலை முழுசாக முடிந்த பிறகே ரீசெட். ஆயில் மட்டும் மாற்றிவிட்டு, ஏர் ஃபில்டர் அடுத்த வாரம் என்று தள்ளிவைத்து ரீசெட் செய்தால் அந்த அடுத்த வாரம் அடுத்த வருடம் ஆகிவிடும்.

ஆயில் அளவில்தான் நிறைய பேர் சறுக்குகிறார்கள். கடையில் 3.5 லிட்டர் கேன் சுலபமாகக் கிடைக்கிறது. போலோவின் மூன்று சிலிண்டர் 1.2 பெட்ரோல் இன்ஜினுக்கு ஃபில்டரோடு சேர்த்துத் தேவை சுமார் 2.8 லிட்டர். கேனைக் கவிழ்த்துவிட்டால் முக்கால் லிட்டருக்கு அருகில் அதிகம். ஆயில் மட்டம் ஏறி, இன்ஜினின் சுழல் தண்டான கிராங்க் ஷாஃப்ட் அதில் அடித்துச் சுழன்றால் நுரை வரும். நுரைத்த ஆயிலை பம்ப் ஒழுங்காக அனுப்பாது. மேனுவலில் போட்டிருக்கும் அளவுக்கு அரை லிட்டர் குறைவாக முதலில் ஊற்றுங்கள். ஒரு நிமிடம் ஓடவிட்டு நிறுத்தி, ஐந்து நிமிடம் கழித்து டிப்ஸ்டிக் பார்த்து, மீதியைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேருங்கள். கார் சமதளத்தில் நிற்க வேண்டும். ரேம்ப் மேல் நிற்கும்போது பார்த்த அளவு அளவே இல்லை.

பழைய ஆயிலை இறக்கக் கழற்றிய ட்ரெய்ன் போல்ட்டுக்குப் புது வாஷர் போடுங்கள். போலோ டீசலில் வாஷர் போல்ட்டோடு சேர்ந்தே வரும், அதனால் போல்ட்டையே மாற்றுவது முறை. இறுக்கம் 30 நியூட்டன் மீட்டர். இறுக்கத்தை அளந்து காட்டும் டார்க் ரென்ச் இல்லாதவர்கள் நீளமான ஸ்பேனரைப் போட்டு முழு பலத்தையும் காட்டுவதால்தான் சம்ப்பின், அதாவது இன்ஜினுக்கு அடியிலுள்ள ஆயில் தொட்டியின், மரை போகிறது. திருகி மாட்டும் ஸ்பின்-ஆன் ஃபில்டர் என்றால், பழைய ஃபில்டரின் ரப்பர் வளையம் இன்ஜினிலேயே ஒட்டிக்கொண்டு நிற்கிறதா என்று விரலால் தடவிப் பாருங்கள். அதன் மேலேயே புது ஃபில்டரை ஏற்றினால் இரண்டு வளையம் ஆகிவிடும். ஸ்டார்ட் செய்த சில நிமிடங்களில் ஆயில் பூராவும் தரையில் கிடக்கும். புது வளையத்தில் சொட்டு ஆயில் தடவி, அது இன்ஜினைத் தொட்ட பிறகு கையால் முக்கால் சுற்று. அவ்வளவு போதும்.

சாவி எந்த நிலையில் இருக்க வேண்டும்

எல்லா காருக்கும் பொதுவான ஒரு விஷயம் இது. இக்னிஷன் ஆனில் இருக்க வேண்டும், இன்ஜின் ஓடக் கூடாது. சாவி போடும் காரில் சிக்கல் இல்லை. மீட்டரில் எல்லா லைட்டும் எரியும் இடத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள். பட்டன் ஸ்டார்ட் காரில்தான் குழப்பம். பழக்கதோஷத்தில் கால் பிரேக்குக்கோ கிளட்ச்சுக்கோ போய்விடும், இன்ஜின் ஸ்டார்ட் ஆகிவிடும், ரீசெட் வேலை செய்யாது. காலைத் தள்ளி வைத்துக்கொண்டு பட்டனை மட்டும் அழுத்துங்கள். டொயோட்டா, ஹூண்டாய் கார்களில் முதல் அழுத்தில் ரேடியோ மட்டும் உயிர் பெறும், இரண்டாவது அழுத்தில்தான் இக்னிஷன். ஹேண்ட் பிரேக் போட்டு, கியரை நியூட்ரலிலோ பார்க்கிலோ வைத்துவிட்டு ஆரம்பியுங்கள்.

போலோ, வென்டோ

மீட்டரில் இரண்டு பட்டன் இருக்கும். ஒன்று கடிகாரம் திருத்த, இன்னொன்று 0.0/செட், அதாவது ட்ரிப் மீட்டரை அழிப்பது. இக்னிஷனை அணையுங்கள். 0.0/செட் பட்டனை அழுத்திப் பிடித்தபடியே இக்னிஷனை ஆன் செய்யுங்கள். இன்ஜின் வேண்டாம். திரையில் சர்வீஸ் பற்றிய செய்தி வந்ததும் அந்தப் பட்டனை விட்டுவிட்டு, 20 விநாடிக்குள் கடிகார பட்டனை ஒரு தடவை அழுத்துங்கள். முடிந்தது. அணைத்து மறுபடி ஆன் செய்து பாருங்கள், ஸ்பேனர் வரக் கூடாது.

இதில் தவறும் இடம் இரண்டே இரண்டு. முதலாவது, இக்னிஷனை ஆன் செய்த பிறகு பட்டனைப் பிடிப்பது. அப்படிச் செய்தால் ட்ரிப் மீட்டர்தான் அழியும். பிடித்துக்கொண்டே ஆன் செய்ய வேண்டும். ஒரு கை ஸ்டீயரிங்கைத் தாண்டி மீட்டருக்குப் போக, இன்னொரு கை சாவியில் இருக்க வேண்டும். ஸ்டீயரிங்கின் இடைவெளி வழியாகக் கையை நுழைத்தால் எட்டும். இரண்டாவது, பட்டனை விட்ட பிறகு மேனுவலின் அடுத்த பக்கத்தைத் தேடிக்கொண்டிருப்பது. 20 விநாடி போய்விட்டால் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதுதான்.

2013-ல் வந்த தலைமுறை ஸ்கோடா ஆக்டேவியாவில் தொடக்கம் இதே மாதிரிதான்: 0.0/செட் பட்டனைப் பிடித்துக்கொண்டே இக்னிஷன். திரை ரீசெட் செய்யவா என்று கேட்கும், அதே பட்டனை இன்னொரு தடவை அழுத்தி ஒப்புக்கொள்ள வேண்டும். இந்தத் தலைமுறைக் கார்களில் ஆயில் சர்வீஸுக்கு ஒரு கணக்கு, இன்ஸ்பெக்ஷனுக்கு இன்னொரு கணக்கு. ஒன்றை மட்டும் அழித்துவிட்டுத் திருப்தியாக இருந்தால் சில வாரத்தில் இன்னொன்று எட்டிப் பார்க்கும். ரீசெட் நிற்கவில்லை என்று பலர் குழம்புவது இதனால்தான்.

இன்னொரு விஷயம். 10,000 கி.மீ.யிலேயே ஆயில் மாற்றும் பழக்கம் உள்ளவர்கள், ஸ்பேனர் வரும்வரை காத்திராமல் மாற்றிய அன்றே ரீசெட் செய்துவிட வேண்டும். இல்லாவிட்டால் 5,000 கி.மீ. கழித்து அது எரியும், அப்போது எது உண்மை என்று தெரியாது. ஆனால் ரீசெட் ஆன கார் மறுபடி 15,000-லிருந்துதான் எண்ணத் தொடங்கும். உங்கள் 10,000-ஐ நீங்கள்தான் ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டும்.

ஃபோர்டு: இரண்டு பெடல், நிறைய பொறுமை

2021 செப்டம்பரில் இந்தியாவில் கார் தயாரிப்பை நிறுத்தப்போவதாக ஃபோர்டு அறிவித்த பிறகு, மறைமலை நகரில் உருவான எக்கோஸ்போர்ட்டை வைத்திருக்கும் பலர் கைவேலையில் இறங்கிவிட்டார்கள். ஆயில் மாற்றச் சொல்லும் செய்தியை அணைக்கத் தனி பட்டன் எதையும் தேட வேண்டாம். இக்னிஷனை ஆன் செய்து, ஆக்சிலேட்டர், பிரேக் இரண்டையும் ஒரே நேரத்தில் அடிவரை மிதித்துப் பிடிக்க வேண்டும். சில விநாடியில் ரீசெட் நடக்கிறது என்று திரையில் வரும், அப்போதும் காலை எடுக்கக் கூடாது. அரை நிமிடம் வரை ஆகலாம். முடிந்தது என்ற செய்தி வந்த பிறகே கால்களை எடுத்து, இக்னிஷனை அணைக்க வேண்டும்.

வேலை செய்யவில்லை என்றால் பத்தில் ஒன்பது தடவை காரணம் தரை விரிப்பு. தடிமனான ரப்பர் மேட் ஆக்சிலேட்டருக்குக் கீழே மடிந்து நின்றால் பெடல் அடிவரை போனதாகத் தோன்றும், காருக்கு அது முழு மிதி இல்லை. மேட்டை எடுத்துப் போட்டுவிட்டு மிதியுங்கள். பிரேக்கும் அப்படித்தான். இன்ஜின் ஓடாதபோது, பிரேக் மிதியை லேசாக்கும் பூஸ்டரில் வேக்யூம் தீர்ந்து பெடல் கல் மாதிரி இறுகிவிடும். அதற்குப் பயந்து லேசாக மிதித்தால் போதாது. சீட்டை ஒரு படி முன்னால் தள்ளிக்கொண்டால் காலுக்குப் பலம் கிடைக்கும்.

ஹூண்டாய், கியா

இருப்பதிலேயே சுலபம் இதுதான். ஸ்டீயரிங் பட்டன்களால் மீட்டரின் யூசர் செட்டிங்ஸ் போய், சர்வீஸ் இன்டர்வல் என்பதைத் திறந்து, ரீசெட்டில் வைத்து ஓகே பட்டனை அழுத்திப் பிடிக்க வேண்டும். வண்டி ஓடும்போது இந்த மெனு திறக்காது. பெரிய திரை உள்ள புது மாடல்களில் இதே மெனு அங்கே இருக்கலாம். இதில் ஒரு வசதி: எத்தனை கிலோமீட்டர், எத்தனை மாதம் என்பதை நீங்களே குறைத்து வைக்கலாம். மேலே சொன்ன 10,000 தலைவலி இங்கே இல்லை.

ஒரு பலவீனமும் உண்டு. பேட்டரி வயரைக் கழற்றினாலோ, பேட்டரி முழுசாக இறங்கிப்போனாலோ, ஃபியூஸ் பெட்டியிலுள்ள சுவிட்சை அணைத்தாலோ மீதி கிலோமீட்டரும் நாளும் தப்பாகக் காட்டலாம். பேட்டரி மாற்றிய பிறகு அந்த எண்ணை நம்ப வேண்டாம்.

டொயோட்டா

கொரோலா, கேம்ரி போன்ற கார்களில் பழைய முறை இது. இன்ஜின் ஓடும்போதே மீட்டரை ட்ரிப் ஏ-க்கு மாற்றுங்கள். அணையுங்கள். ட்ரிப் பட்டனைப் பிடித்துக்கொண்டே இக்னிஷனை ஆன் செய்து, மீட்டரில் ஆறு பூஜ்யம் வரும்வரை விடாமல் பிடியுங்கள். ட்ரிப் பி-யிலோ மொத்த கிலோமீட்டரிலோ மீட்டர் நின்றுகொண்டிருந்தால் எத்தனை நேரம் பிடித்தாலும் நடக்காது. அமெரிக்க, கனடிய டொயோட்டாக்களில் இந்த லைட் வெறும் தூரக் கணக்கு: சுமார் 4,500 மைலில் மினுக்கும், 5,000-ல் நிலையாக எரியும். பனியில் தினம் மூன்று மைல் ஓட்டுபவருக்கும் நெடுஞ்சாலையிலேயே ஓட்டுபவருக்கும் அதே 5,000தான்.

பிஎம்டபிள்யூ பற்றி ஒரு வரி. ஆயில், பிரேக் ஆயில், முன் பிரேக் பேட், பின் பிரேக் பேட் என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனிக் கணக்கு, தனித்தனி ரீசெட். புது பேட் போட்டும் ரீசெட் ஏற்காவிட்டால் பேடின் தேய்மான சென்சாரைப் பாருங்கள். பழைய சென்சார் தேய்ந்து அறுந்திருந்தால் புதுசு போடாமல் கார் ஒத்துக்கொள்ளாது. காரிலுள்ள தேதி தப்பாக இருந்தாலும் சர்வீஸ் தேதிகள் கண்டபடி காட்டும்.

டிபிஎஃப் உள்ள டீசல் காரா, கொஞ்சம் நில்லுங்கள்

2020 ஏப்ரலில் பிஎஸ்6 என்ற புகைக் கட்டுப்பாட்டு விதி வந்த பிறகு விற்ற டீசல் கார்களில் புகையின் கரியைப் பிடிக்க டிபிஎஃப் என்ற வடிகட்டி வைப்பது வழக்கமாகிவிட்டது. சேர்ந்த கரியை எரிக்க இன்ஜின் அவ்வப்போது கூடுதல் டீசல் தெளிக்கும், அதில் ஒரு பங்கு சிலிண்டர் சுவர் வழியாக ஆயிலில் இறங்கும். வேளச்சேரியிலிருந்து தரமணி மட்டும் போய்வரும் காரில் எரிப்பு பாதியில் நின்று நின்று தொடங்கும், ஆயிலில் டீசல் சேர்ந்துகொண்டே போகும். டிப்ஸ்டிக்கில் ஆயில் மட்டம் குறையாமல் ஏறினால் காரணம் இதுதான். ஆயில் குடிக்காத நல்ல இன்ஜின் என்று மகிழ்ந்துவிடாதீர்கள். முகர்ந்து பாருங்கள், டீசல் வாசம் வரும்.

இத்தகைய சில கார்களில் இன்ஜின் கம்ப்யூட்டரே ஆயில் எவ்வளவு நீர்த்திருக்கிறது என்று தனியாகக் கணக்கு வைத்திருக்கும். மீட்டரில் பட்டன் அழுத்தி அழிப்பது கிலோமீட்டர் கணக்கை மட்டும். உள்ளேயிருக்கும் கணக்கை ஸ்கேனர்தான் அழிக்கும். விட்டுவிட்டால் புது ஆயிலோடும் கார் பழைய கணக்கையே நீட்டிக்கொண்டு, மாற்றிய சில மாதத்திலேயே ஆயில் மாற்று என்று சொல்லும். டீசல் காரில் ரீசெட் செய்தும் எச்சரிக்கை சீக்கிரம் திரும்பினால் அந்த பிராண்டைப் பார்க்கும் ஸ்கேனர் உள்ள மெக்கானிக்கிடம் போங்கள், கூடவே ஆயில் மட்டத்தையும் காட்டுங்கள்.

வேலைக்கு ஆகாத வழிகள்

பேட்டரி டெர்மினலைக் கழற்றி அரை மணி நேரம் விட்டால் சரியாகிவிடும் என்பது ஊரறிந்த வைத்தியம். போலோ மாதிரிக் காரில் இது பலிக்காது. கரண்ட் போனாலும் அழியாத நினைவகத்தில்தான் கணக்கு இருக்கிறது. மிஞ்சுவது, கடிகாரம் பூஜ்யமாவதும் பவர் விண்டோ ஒரே அழுத்தில் மேலேறாமல் போவதும்தான். சில பழைய ரேடியோக்கள் ரகசிய எண் கேட்டு நின்றுவிடும்.

காரின் பழுதறியும் சாக்கெட்டில் சொருகும் மலிவு விலை ப்ளூடூத் ஓபிடி கருவியும் அப்படித்தான். இன்ஜின் பழுதுக் குறியீடுகளைப் படிக்க அது நல்ல சாமான். சர்வீஸ் கணக்கு மீட்டருக்குள் இருப்பதால், பொதுவான ஆப்பில் குறியீடுகளை அழி என்று கொடுத்தாலும் ஸ்பேனர் அசையாது.

தப்பான நேரத்தில் ரீசெட் ஆகிவிட்டால்

குழந்தை பட்டனோடு விளையாடியோ, பஞ்சர் ஒட்டப் போன இடத்தில் யாரோ உதவி செய்தோ, 6,000 கி.மீ.யில் கணக்கு அழிந்துபோகும். பட்டனால் பழைய எண்ணைத் திரும்பக் கொண்டுவர முடியாது. ஃபோக்ஸ்வாகன் குடும்பக் கார்களில் மட்டும் விசிடிஎஸ் என்ற மென்பொருளும் அதன் கேபிளும் இருந்தால் வழி உண்டு. 17 என்ற எண்ணில் மீட்டருக்குள் போய், அடாப்டேஷன் என்ற பகுதியில் 40-வது சேனலைத் திறங்கள். கடைசி சர்வீஸிலிருந்து ஓடிய தூரம் அங்கே நூறு நூறாக இருக்கும். 6,000 கி.மீ. என்றால் 60 என்று எழுத வேண்டும், 6000 என்று அல்ல. 41-வது சேனலில் கடந்த நாட்கள். பட்டன் உடைந்த மீட்டரில் ரீசெட் செய்யவும் இதே இடம்தான்: 2-வது சேனலில் 0 எழுதிச் சேமித்தால் போதும். பிந்தைய மீட்டர்களில் சேனல் எண் இருக்காது, பெயர்ப் பட்டியலாக வரும். மாற்றுவதற்கு முன் பழைய எண்களை ஃபோனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். 45-வது சேனல் ஆயில் வகையைச் சொல்வது, அதில் கை வைக்க வேண்டாம்.

கேபிள் இல்லாதவர்களுக்கும், உண்மையில் எல்லோருக்கும், கை கொடுப்பது கையால் எழுதிய ஒரு துண்டுச் சீட்டுதான். டிரைவர் கதவைத் திறந்தால் தெரியும் தூணிலோ, பானட்டின் உள்பக்கமோ ஒட்டலாம். பானட்டில் ஒட்டினால் சூட்டில் பசை கழன்றுவிடும், மேலே செல்லோடேப் போடுங்கள். சாதாரண பேனா மை ஆறு மாதத்தில் மங்கிவிடும், மார்க்கரால் எழுதுங்கள். ஆயில், ஃபில்டர் வாங்கிய பில்லை மேனுவலுக்குள் சொருகிவிடுங்கள், வாரன்டி காலத்தில் கேள்வி வந்தால் காட்ட அது ஒன்றுதான் இருக்கும். பழைய ஆயிலை அதே கேனில் ஊற்றி, வேஸ்ட் ஆயில் பீப்பாய் வைத்திருக்கும் ஒர்க்‌ஷாப்பில் கொடுங்கள். சாக்கடையில் ஊற்றாதீர்கள், கரையானுக்கு மருந்து என்று மரத்தடியிலும் ஊற்றாதீர்கள்.

சீட்டில் இவ்வளவு இருந்தால் போதும்:

ஆயில் + ஃபில்டர்: 48,200 கி.மீ.
5டபிள்யூ-30, 2.8 லிட்டர்
வாஷர் புதுசு. ஏர் ஃபில்டர் மாற்றவில்லை.
மீட்டர் ரீசெட்: ஆச்சு
அடுத்து: 58,200 (மீட்டர் 63,200-ல் சொல்லும், நம்பாதே)